ஒன்பதாம் நம்பர் மலையும் போத்தல் பாம்புகளும்

இலங்கையில் உள்ள பாம்பு அத்தனையும் கொழும்பு நூதனசாலையில் போத்தல் போத்தலாக இருக்கிறது என்று நான்தான் சொன்னேன். சொன்ன இடம் எங்கள் தேயிலைத் தோட்டத்துக் கடை வாசல். சொன்ன காரணம், அங்கே நாலு பேர் கேட்டுக்கொண்டிருந்தார்கள். கேட்க நாலு பேர் கிடைத்துவிட்டால் எனக்கும் உண்மைக்கும் நடுவில் கொஞ்சம் தூரம் விழுந்துவிடும். அது என் பிறவிக் குணம்.

அந்த நூதனசாலைக்கு அதுவரை நான் ஒரே ஒரு தடவைதான் போயிருந்தேன். ஆசிரியப் பயிற்சிக் காலத்தில் எங்களைக் கூட்டிக்கொண்டு போனார்கள். கீழ்த்தளத்தில் தொங்கிய திமிங்கில எலும்புக்கூட்டின் அடியில் நின்றபடி, வேறொரு கலாசாலையிலிருந்து வந்த பெண்களைப் பார்த்துக்கொண்டே இருந்ததில் என் நேரம் முடிந்துபோனது. பாம்புகள் இருந்த மாடிக்கு நான் ஏறவே இல்லை. ஏறி இறங்கிய நண்பன் ஒருவன், "எவ்வளவு போத்தல்டா!" என்றான். என்னுடைய விலங்கியல் அறிவு முழுவதும் அந்த ஒரு வாக்கியத்தின் மேல்தான் நின்றுகொண்டிருந்தது.

கடை வாசலில் கேட்டுக்கொண்டிருந்தவர்களில் மூன்று பேர் சிரித்தார்கள். நாலாவது ஆள் சிரிக்கவில்லை. அவர் எங்கள் தோட்டத்தில் இருபது வருஷத்துக்கு மேலாகக் கொழுந்து எடுக்கும் ஒரு அக்கா. என் வகுப்பில் படித்துவிட்டுப் போன ஒரு பெண்ணின் தாய். வலது கையின் ஆட்காட்டி விரல் இன்னும் முழுதாக மடங்காமல், தனியாக எதையோ சுட்டிக் காட்டுவதுபோல நீட்டிக்கொண்டிருந்தது.

"எல்லாப் பாம்பும்னா, எல்லாமுமா மாஸ்டர்?"

"எல்லாம் அக்கா."

"சின்னதும்?"

"புழு மாதிரி இருக்கிறதுகூட இருக்கு."

"அப்ப இந்த வருசம் நம்ம சங்கத்து டிரிப்பு அங்கதான் போகுது," என்று சொல்லிவிட்டு, வாங்கிய பருப்பை எடுத்துக்கொண்டு அவர் போய்விட்டார்.

அந்த விரலின் கதையைச் சொல்ல வேண்டும். எங்கள் தோட்டம் பெல்மதுளையிலிருந்து பஸ் போய், பிறகு ஆள் நடந்து சேரும் இடம். ஒன்பதாம் நம்பர் மலை அதிலும் மோசமானது. செங்குத்து, கல், தண்ணீர் ஓடும் கான்களில் மண்டிய புல். கவ்வாத்தில் வெட்டிப் போட்ட குச்சிகள், மிலாறு என்போம், செடிகளின் காலடியில் அப்படியே மக்கிக் கிடக்கும். அந்த மலையில் கொழுந்து எடுத்துக்கொண்டிருந்தபோது, செடியில் ஏறிய ஒரு கொடியை வேரோடு பிடுங்க அக்கா கீழே குனிந்து கையை விட்டிருக்கிறார். விரலில் ஏதோ பட்டது. கையை இழுப்பதற்குள் ஒன்று சருகுக்குள் நுழைந்தது. ஒரு கண நேரம்தான் பார்த்தார். முழங்கைவரை வீங்கி, இரத்தினபுரிப் பெரியாஸ்பத்திரியில் ஒன்பது நாள் கிடந்தார். என்ன பாம்பு என்று டொக்டர் கேட்டபோது, "சரியாத் தெரியலைங்க" என்று உண்மையைச் சொன்னார். டொக்டரும் உண்மையை எழுதினார்: பாம்புக்கடி, இனம் தெரியாது.

ஆனால் தோட்டத்தில் தெரியாது என்று சொல்ல ஆள் இல்லை. காவல்காரர், அது மாப்பிலப் பாம்பு என்றார். கடைக்காரர், வெறும் தண்ணீர்ப்பாம்பு என்றார். கோவில் பூசாரி, அது பாம்பே இல்லை, நேர்த்திக்கடன் என்றார். நானும் என் பங்குக்கு ஒரு பாம்பைச் சொன்னேன். எதைச் சொன்னேன் என்று இப்போது ஞாபகம் இல்லை, அப்போதும் எனக்குத் தெரிந்திருக்காது.

ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பிய அக்கா, காலையில் வேலை பிரித்துக் கொடுக்கும் பெரட்டுக் களத்தில் தோட்டத்து மனேஜரான துரையின் முன்னால் போய் நின்றார். ஒன்பதாம் மலையில் ஆள் இறங்கும் முன்னால் மிலாறையும் புல்லையும் அள்ளிச் சுத்தம் செய்து தர வேண்டும் என்று கேட்டார். அதற்கு ஒரு காரணமும் இருந்தது. அவருடைய மகள் அப்போதுதான் கொழுந்துக்குப் பேர் பதிந்திருந்தாள். தாய்க்கு அடுத்த நிரை அவளுக்கு.

துரை கெட்டவர் என்று சொல்ல மாட்டேன். ஆள் கணக்குப் பார்க்கும் மனிதர். புல்லுப்பாம்புக்கெல்லாம் மலை மலையாகச் சுத்தம் செய்யப் போனால் கொழுந்து எடுக்க ஆள் மிஞ்சாது என்றார். பிறகு எல்லோருக்கும் கேட்கும்படி ஒரு வார்த்தை சொன்னார்:

"என்ன பாம்புன்னு நீயே சொல்லு. விசப் பாம்புன்னா நான் நாளைக்கே ஆள் போடுறேன். தெரியாத பாம்புக்கு நான் என்ன செய்ய?"

அக்கா அந்த இடத்தில் ஒரு பேரைச் சொல்லியிருக்கலாம். யார் மறுக்கப்போகிறார்கள்? சொல்லவில்லை. "தெரிஞ்சிக்கிட்டு வந்து சொல்றேங்க," என்றார். அதிலிருந்துதான் அவர் சிரிப்பதை விட்டுவிட்டு, பாம்பைப் பற்றி யார் என்ன பேசினாலும் நின்று கேட்பவராக மாறியிருந்தார். அந்த நேரம் பார்த்து நான் போத்தல் கதையை அவிழ்த்துவிட்டேன்.

பெண்கள் சங்கத்து டிரிப் என்றால் வழக்கமாகக் கோவில், கடல், மிருகக்காட்சிசாலை. இந்த முறை மிருகக்காட்சிசாலையை வெட்டிவிட்டு நூதனசாலை என்றதும் சங்கத்தில் பெரிய சண்டை.

"செத்ததப் பாக்கவா கொழும்புக்குப் போகணும்?" என்று ஒருவர் கேட்டார்.

"மிருகக்காட்சிசாலையிலயும் பாம்பு இருக்குதானே மதினி, உசுரோட?" என்றார் இன்னொருவர்.

"உசுரோட இருக்கிறது சுருண்டு தூங்கும். எழுப்பியா பாக்க முடியும்?" என்றார் அக்கா. "போத்தல்ல இருக்கிறது எங்கயும் ஓடாது. ஒம்பதாம் மலையில நீங்களும்தானே எறங்குறீங்க?"

மிருகக்காட்சிசாலை தோற்றது. அக்காவின் மகளையும் சேர்த்துப் பதினைந்து பெண்கள் என் வாய்ச்சொல்லை நம்பி யானைக்கூத்தை விட்டுக்கொடுக்கிறார்கள். அங்கே பாம்பு இல்லாவிட்டால் திரும்பி வரும் வழியில் என்னை அவிசாவளை ஆற்றில் போட்டுவிட்டு வருவார்கள். தேடுவதற்கும் ஆள் இருக்காது. வழிகாட்டியும் மொழிபெயர்ப்பாளருமாக என்னையும் பஸ்ஸில் ஏற்றிக்கொண்டார்கள்.

அது ஒரு ஞாயிற்றுக்கிழமை. மறுநாள் கழித்துச் செவ்வாய்க்கிழமை, கொழுந்துச் சுற்று ஒன்பதாம் மலைக்கு வருகிறது. சமாதானப் பேச்சு நடந்துகொண்டிருந்த காலம் என்பதால் வழியில் சோதனைக்கு இறக்கி ஏற்றும் தொல்லை இல்லை. தொல்லை முழுவதும் கோவிலிலும் கடலிலும்தான் இருந்தது. பூசை முடியப் பகலாகிவிட்டது. கடலில் கால் நனைக்க இறங்கியவர்கள் இடுப்புவரை நனைந்து, சேலையைப் பிழிந்து, காற்றில் உலர்த்தி, கடலை வடை தின்று முடிப்பதற்குள் பொழுது சாய ஆரம்பித்துவிட்டது. அக்கா மட்டும் கடலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு பஸ் வாசலில் நின்றார்.

"கடல் நாளைக்கும் இருக்கும், ஏறுங்கடி!"

நாங்கள் நூதனசாலைக்குள் நுழையும்போது மூட ஒரு மணி நேரம் இருந்தது.

எங்களைச் சுற்றிக் காட்ட ஒருவர் வந்தார். வெள்ளைச் சட்டை, கையில் ஒரு நீளக் குச்சி, ஐம்பது வயதிருக்கும். சிங்களத்தில் நிதானமாகப் பேசினார். முதலில் யானை, பிறகு திமிங்கிலம், பிறகு பறவைகள், வண்ணத்துப்பூச்சிகள், கடைசியில் மாடியில் ஊர்வன. நான் முன்னால் போய், பாம்பு மட்டும் பார்த்தால் போதும் என்று பணிவாகச் சொன்னேன்.

"முறைப்படிதான் காட்டுவது," என்றார் அவர். "நடுவில் பாய முடியாது."

முறை என்று ஒரு மனிதன் சொல்லிவிட்டால் எதிர்த்துப் பேச எனக்கு வராது, வாத்தியார் புத்தி. சரி என்று தலையாட்டி, மொழிபெயர்ப்பை ஆரம்பித்தேன்.

யானை எலும்புக்கூட்டைக் காட்டி அவர் இரண்டு வாக்கியம் சொன்னார். நான் ஏழு வாக்கியம் சொன்னேன். அது பெண் யானை, அறுபது வயதுவரை வாழ்ந்தது என்று அவர் சொன்னதும், அந்த யானை வாழ்ந்த காட்டையும், அதன் குடும்பத்தையும், மற்ற யானைகளோடு அதற்கு இருந்த மனஸ்தாபத்தையும் சேர்த்துச் சொன்னேன். கூட்டம் சிரித்தது. எனக்கு உற்சாகம் ஏறியது. திமிங்கிலத்துக்கு வந்தபோது, அதன் வயிற்றில் ஒரு தோணியும் இரண்டு மீனவர்களும் இருந்தார்கள் என்று கொடுத்தேன். பறவைகளுக்கு வந்தபோது நானே என் பேச்சை ரசிக்க ஆரம்பித்திருந்தேன். மயிலின் கல்யாணம் பாதியில் இருந்தபோது பின்னாலிருந்து ஒரு பெண்ணின் குரல் கேட்டது.

"மாஸ்டர், அந்தாளு அப்பிடி ஒன்னும் சொல்லலியே."

திரும்பிப் பார்த்தேன்.

"அவரு மயிலு எத்தன முட்ட போடும்னுதான் சொன்னாரு," என்றார் அந்தப் பெண். "யானையையும் பொம்பள யானை, வயசு அறுவதுன்னு மட்டும்தான் சொன்னாரு. நீங்க ஏன் அதுக்கு மாமியாக் கொடுமையெல்லாம் சேக்குறீங்க?"

"உங்களுக்குச் சிங்களம் தெரியுமா?"

பதினைந்து பெண்களும் என்னைப் பரிதாபமாகப் பார்த்தார்கள். சந்தையில் பேரம் பேசுவதும், பஸ்ஸில் சண்டை போடுவதும், ஆஸ்பத்திரியில் துண்டுச் சீட்டு வாங்குவதும் அந்த மொழியில்தான். பக்கத்துக் கிராமத்தில் பாதிப் பேர் அவர்களுக்குச் சிநேகிதம். என்னைவிட நன்றாகவே பேசுவார்கள். அது எனக்கும் தெரிந்த விஷயம்தான். ஆனால் கையில் ஒரு பதவி வந்ததும், தெரிந்த விஷயம் எல்லாம் மறந்துபோகிறது.

"தெரிஞ்சா முதல்லயே சொல்லியிருக்கலாமே?"

"நீங்க ஆசையாப் பேசுனீங்க," என்றார் அவர். "பாவம்னு விட்டுட்டோம்."

அப்போது அக்கா கூட்டத்தைப் பிரித்துக்கொண்டு முன்னால் வந்தார். முகத்தில் சிரிப்பு இல்லை.

"மாஸ்டர், ஒங்க மயிலுக்கு அப்புறமாக் கல்யாணம் பண்ணி வைங்க. இன்னும் அரை மணித்தியாலம்தான் இருக்கு."

பிறகு அவர் குச்சிக்காரரிடம் சிங்களத்தில் பேசினார். இது சுற்றுலா இல்லை மஹத்தயா, ஒரு பாம்பைத் தேடி வந்திருக்கிறோம் என்றார். விரலை நீட்டிக் காட்டினார். அதில் இரண்டு கறுத்த புள்ளிகள். செவ்வாய்க்கிழமை என் மகள் அந்த மலையில் இறங்குகிறாள் என்றார். அவ்வளவுதான். ஒரு வார்த்தை கூடுதலாக இல்லை. நான் அரை மணி நேரம் பேசியும் அசையாத மனிதர், தன் முறையையும் வண்ணத்துப்பூச்சிகளையும் அப்படியே விட்டுவிட்டு மாடிப்படி ஏறினார்.

மாடி அறைக்குள் நுழைந்ததும் எனக்குப் போன உயிர் திரும்பியது. போத்தல்கள் இருந்தன. சுவர் நெடுக, தட்டுத் தட்டாக, கண்ணாடி அலுமாரிகளில். நண்பன் பொய் சொல்லவில்லை. ஆகவே நானும் சொல்லவில்லை. "பாத்தீங்களா?" என்று திரும்பினேன். யாரும் என்னைப் பார்க்கவில்லை. எல்லோரும் போத்தல்களைப் பார்த்து நின்றார்கள். அவர்களுடைய முகம் விழுந்துபோயிருந்தது.

பாம்புகள் எல்லாம் ஒரே நிறமாக இருந்தன. வேகவைத்த இடியப்பம் மாதிரி ஒரு மங்கலான வெள்ளை. சிலது கொஞ்சம் பழுப்பு. அவ்வளவுதான் வித்தியாசம்.

"மருந்துத் தண்ணியில கெடந்தா எந்தப் பாம்புக்கும் நிறம் போயிரும்," என்று குச்சிக்காரர் சங்கடத்தோடு சொன்னார். "எங்க போனாலும் அப்படித்தான். நாப்பது அம்பது வருசமா இருக்கிறது இதுங்க."

நிறம்தான் அக்காவிடம் இருந்த பெரிய அடையாளம். மிலாறு நிறம், அதன் மேல் கறுப்புக் கறுப்பாக ஏதோ. அதை வைத்துத்தான் அவர் இத்தனை நாள் நின்றிருந்தார். எனக்கு வாயை மூடிக்கொண்டிருக்க வராது. பக்கத்தில் இருந்த மிகப் பெரிய போத்தலைக் காட்டி, "இதுதான் அக்கா, சந்தேகமே இல்ல," என்றேன்.

"மாஸ்டர், அது நாகம். அது கடிச்சிருந்தா நான் இப்ப ஒங்களோட நின்னு பேசிக்கிட்டு இருப்பேனா?"

"சரி, அப்ப ஏதாவது ஒரு விசப் பாம்புப் பேர எழுதிக்கிட்டுப் போவோம். தொரைக்கு என்ன தெரியும்? மலையச் சுத்தம் பண்ணா போதாதா?"

நான் கேலியாகச் சொல்லவில்லை. எனக்கு அது நல்ல யோசனையாகவே தெரிந்தது. கூட்டத்தில் இரண்டு மூன்று பேர் தலையையும் ஆட்டினார்கள்.

"அப்படிச் சொல்லணும்னா அன்னிக்கே பெரட்டுல சொல்லியிருப்பேனே," என்றார் அக்கா. "நான் பாத்தத மட்டும்தான் சொல்லுவேன். நெறம் போனா போகட்டும். நெறத்த மட்டுமா பாத்தேன்? கொஞ்சம் இருங்க."

கண்ணை மூடிக்கொண்டு ஒரு நிமிஷம் நின்றார். பிறகு எண்ணி எண்ணிச் சொன்னார். நீளம் முழங்கையிலிருந்து விரல் நுனிவரை, அதற்கு மேல் இல்லை. பருமன், இரண்டு விரல் சேர்த்த மாதிரி. வால் சட்டென்று சிறுத்துப்போகும். தலை அகலம். மூக்கு மேலே தூக்கியிருக்கும்.

"கேட்டுக்கிட்டீங்களா? நெரை பிரிச்சுக்குங்க."

நிரை என்றால் கொழுந்து எடுப்பவர்களுக்கு உயிர். மலையில் ஒவ்வொருவருக்கும் செடி வரிசை ஒன்று பிரித்துக் கொடுக்கப்படும். தன் நிரையைக் கீழிருந்து மேல்வரை ஒரு செடி விடாமல் பார்த்து முடிக்க வேண்டும். அடுத்தவர் நிரையில் கை வைக்கக் கூடாது, தன் நிரையை விட்டுப் போகவும் கூடாது. அந்த அறையில் அன்று அதுதான் நடந்தது. பதினைந்து பேரும் ஆளுக்கு ஒரு தட்டைப் பிடித்துக்கொண்டார்கள். வலப்பக்கம் தொடங்கி இடப்பக்கம். விரலைக் கண்ணாடியில் வைத்தபடி, ஒரு போத்தல் முடிந்து அடுத்த போத்தல். ஆயிரம் இலைக்கு நடுவில் எடுக்க வேண்டிய இலையை நிற்காமல் தேடித் தேடிப் பழகிய கண்கள். குச்சிக்காரர் குச்சியைக் கீழே வைத்துவிட்டு, கையைப் பின்னால் கட்டிக்கொண்டு அதைப் பார்த்தார்.

"மாஸ்டருக்கு எந்த நெரை?" என்று கேட்டேன்.

"நீங்க கங்காணி. சும்மா நில்லுங்க," என்றார்கள்.

சும்மா நிற்பது எனக்கு நன்றாக வரும். நின்றேன்.

ஒவ்வொருவராக முடித்துத் திரும்பினார்கள். "இங்க இல்ல." "என் நெரையில இல்ல மதினி." "நீளம் சரி, தல குச்சியா இருக்கு." ஏழு, எட்டு, பத்துப் பேர் இல்லை என்று சொல்லிவிட்டார்கள். கீழே வாசலில் மணி அடித்தது. மூடப் பத்து நிமிஷம்.

பதினான்கு பேர் முடித்துவிட்டார்கள். ஒருவர் மட்டும் இன்னும் தன் தட்டில் பாதியில் நின்றார். மலையிலும் அவர் அப்படித்தான். எல்லோரும் உச்சிக்குப் போய் நிறுவைக்கு இறங்கும்போது அவர் நடுவில் இருப்பார். மற்றவர்கள் கேலி செய்துகொண்டே இரண்டு பக்கமும் புகுந்து அவர் நிரையை முடித்துக் கொடுப்பார்கள். அன்றும் வழக்கம்போல இரண்டு பேர் உதவிக்குப் போனார்கள்.

"தள்ளுடி, நாங்க பாக்கிறோம். நீ பாத்து முடிக்கிறதுக்குள்ள இதுங்க உசுரோட எந்திரிச்சிரும்."

"இரு, இரு. எல்லாரும் ஓடி ஓடிப் பாத்தா நான் நின்னு பாக்கக் கூடாதா?" என்றார் அவர், தலையைத் திருப்பாமல். "இந்தா, இது மூக்கத் தூக்கிக்கிட்டு இருக்கு."

அக்கா போய்ப் பார்த்தார். பக்கவாட்டில் பார்த்தார், குனிந்து பார்த்தார். போத்தலுக்குள் அது சுருண்டு, கண்ணாடியில் ஒட்டி நின்றது. நீளம் சரி, பருமன் சரி, வால் சரி. எல்லோரும் அவருடைய வாயைப் பார்த்தோம். அவர் இதுதான் என்று சொல்லவில்லை.

"நிக்க வச்சிருக்காங்க. நான் நிக்கையில பாக்கல. மேல இருந்து பாத்தேன்," என்றார். பிறகு குச்சிக்காரரிடம் திரும்பி, "மஹத்தயா, இதைக் கொஞ்சம் தரையில வைக்க முடியுமா?" என்று கேட்டார்.

அவர் பையிலிருந்து சாவியை எடுத்தார், மறுபடி உள்ளே போட்டார், மறுபடி எடுத்தார். கடைசியில் அலுமாரியைத் திறந்து, குழந்தையைத் தூக்குவதுபோல இரண்டு கையாலும் போத்தலை எடுத்து, மூடியில் கையை வைத்து மெதுவாகச் சாய்த்துத் தரையில் படுக்க வைத்தார்.

அக்கா அதன் முன்னால் நின்றார். சேலை முந்தானையை இடுப்பில் செருகினார். முதுகை வளைத்து, இடது கையால் இல்லாத ஒரு செடியின் கிளையை ஒதுக்கி, வலது கையைக் கீழே விட்டார், கொடி பிடுங்குவதுபோல. கண்ணாடிக்கு ஒரு சாண் தூரத்தில் அந்தக் கை வந்தபோது, யாரோ வெடுக்கென்று இழுத்ததுபோலப் பின்னால் போய் அவருடைய நெஞ்சில் ஒட்டிக்கொண்டது. அவர் வேண்டுமென்று இழுக்கவில்லை. கை தானாகப் போனது. நான் இரண்டடி பின்னால் குதித்திருந்தேன் என்பதைப் பிறகு சொன்னார்கள்.

"இதுதான்," என்றார் அக்கா. "இதேதான்."

"குனகட்டுவா," என்றார் குச்சிக்காரர். அலுமாரி அடியிலிருந்து ஒரு தடித்த புத்தகத்தை எடுத்து, அந்தப் பேரைத் தேடிப் பிடித்து, வண்ணப் படத்தை அக்காவுக்குக் காட்டினார். மிலாறு நிறம். இரண்டு பக்கமும் கறுப்புத் திட்டுகள். தூக்கிய மூக்கு. "விரியன் சாதி. சருகுக்குள்ள, செடிக்கு அடியில, அசையாமல் படுத்திருக்கும். மிதித்தால், கை வைத்தால் கடிக்கும். விஷம். சிலருக்குச் சிறுநீரகம்கூடப் போகும்."

அக்கா படத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தார். மகள் பக்கத்தில் வந்து நின்றாள். அவள் அதுவரை வாயே திறக்கவில்லை.

"இவ்வளவு சின்னதாம்மா?" என்றாள்.

"சின்னதுன்னுதான் யாரும் நம்பல," என்றார் தாய்.

குச்சிக்காரர் தன் மேசைக்குப் போய், ஒரு தாளில் பெயரையும், அது எங்கே வாழும் என்பதையும், கடித்தால் என்ன ஆகும் என்பதையும் சிங்களத்தில் அழகாக எழுதித் தந்தார். நன்றி சொன்னபோது, "இங்க வாரவங்க வழக்கமா என்கிட்ட டொயிலட் எங்கேன்னுதான் கேட்பாங்க," என்றார்.

செவ்வாய்க்கிழமை காலைப் பெரட்டுக்கு எனக்கு அழைப்பு இல்லை. பள்ளிக்கூடம் தொடங்க நேரம் இருந்தது. போய் ஓரமாக நின்றேன். ஒன்பதாம் மலை என்று வேலை பிரித்ததும், பெண்கள் கூடையைத் தோளில் மாட்டாமல் தரையில் வைத்தார்கள். அக்கா தாளைத் துரையிடம் நீட்டினார். அவர் வாசித்தார். திருப்பி ஒரு முறை வாசித்தார்.

"இதுதான் ஒன்ன கடிச்சதுன்னு எப்படித் தெரியும்? கடுதாசியில யாரும் எதையும் எழுதலாமே?"

நியாயமான கேள்விதான். போத்தலைத் தரையில் வைத்த கதையை அவர் நம்பப்போவதில்லை. நான் சாட்சி சொன்னால் இருக்கிற நம்பிக்கையும் போய்விடும்.

அக்கா அவசரப்படவில்லை. "தொரைங்க, அன்னிக்கு டொக்டர் கேட்டாரு, தெரியாதுன்னேன். நீங்க கேட்டீங்க, தெரியாதுன்னேன். அப்ப நீங்க என்னய நம்புனீங்கதானே?"

"ஆமா."

"தெரியாதுன்னு சொல்லையில நம்புனீங்க. இப்ப தெரியும்ன்னு சொல்றேன். இப்பயும் அதே வாய்தாங்க."

துரை அவரைப் பார்த்தார். தரையில் இருந்த பதினைந்து கூடைகளைப் பார்த்தார். தாளை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு, கணக்கப்பிள்ளையைக் கூப்பிட்டு, ஆறு ஆண்களை மண் கிளறும் முள்ளும் புல் சுரண்டியும் கொடுத்து ஒன்பதாம் மலைக்கு அனுப்பச் சொன்னார். பெண்களை அன்றைக்கு நாலாம் மலைக்கு மாற்றினார்.

இரண்டு நாள் எடுத்தது. மிலாறை எல்லாம் வாரிக் கல்லடியில் குவித்தார்கள். மூன்று குனகட்டுவாக்கள் அகப்பட்டன. ஒன்றை, பார்க்க வந்த நான் கொடி என்று நினைத்து எட்டிப் பார்த்தேன். ஒரு ஆள் என் காலரைப் பிடித்துப் பின்னால் இழுத்தார். கொழும்பு போய்ப் பாம்பு பார்த்துவிட்டு வந்த படித்தவன் நான்.

வியாழக்கிழமை கூட்டம் ஒன்பதாம் மலையில் இறங்கியது. துரையும் வந்து பாதையில் நின்றார். செடிகளின் காலடி பெருக்கிய வாசல் மாதிரி இருந்தது. அக்கா முதல் நிரையை எடுத்தார். குனிந்து அடியைப் பார்த்து, குச்சியால் ஒரு தட்டுத் தட்டி, அதற்குப் பிறகுதான் கையை நீட்டினார். மகள் பக்கத்து நிரையில் அப்படியே செய்தாள்.

"இப்ப திருப்திதானே?" என்று துரை மேலிருந்து கேட்டார்.

"திருப்திதாங்க. அடுத்த சுத்துக்கும் ஆள் போட்டுருங்க."

"ஒவ்வொரு சுத்துக்குமா?"

"பின்ன, பாம்பு ஒரு சுத்தோட வேலைய விட்டுப் போயிருமாங்க?" என்று கேட்டபடி அக்கா அடுத்த செடிக்கு நகர்ந்தார்.